மத்தூர் கரும்பு வயலில் காலத்தை அளக்கும் பூஞ்சை

காலத்தை நிறுத்தி வைக்கவும் நீட்டவும் குறுக்கவும் வல்ல பூஞ்சை என்றால் அது அறிவியல் புனைகதையின் சரக்கு என்றே எண்ணத் தோன்றும். ஆனால் பெங்களூரிலிருந்து மைசூர் செல்லும் வழியில், மண்டியா மாவட்டத்து மத்தூரின் கரும்பு வயல்களில் அதற்கு மிக நெருங்கிய ஓர் உயிர் வாழ்கிறது. அதன் பெயர் நியூரோஸ்போரா. பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தின் உயிர்வேதியியல் துறையில் பணியாற்றிய ரமேஷ் மகேஸ்வரியும் அவருடைய மாணவர்களும் 1990களில் இந்த வயல்களையே தங்கள் ஆய்வுக்களமாக்கிக் கொண்டனர்.

இப்பூஞ்சை முதலில் அறிவியலின் கண்ணில் பட்டது ஒரு தொல்லையாகத்தான். 1843இல் பாரிஸ் நகர ரொட்டிக்கூடங்களில் செம்மஞ்சள் நிறப் பூஞ்சணம் பெருகி, விசாரணைக் குழு அமைக்கும் அளவுக்குப் போயிற்று. ஜாவாவிலோ அதன் உறவினம் ஒன்றைக் கொண்டு ஒன்ச்சோம் என்னும் உணவைப் புளிக்க வைத்து உண்டனர். 1927இல் ஷியர், டாட்ஜ் ஆகிய இருவரும் இதற்கு நியூரோஸ்போரா எனப் பெயரிட்டனர். 1941இல் பீடிலும் டேட்டமும் இதை வைத்தே மரபணுவுக்கும் நொதிக்கும் உள்ள தொடர்பை நிறுவினர். 1958இல் நோபல் பரிசும் பெற்றனர்.

இதன் காலக்கதை மூன்று பகுதிகளைக் கொண்டது. முதலாவது, உறக்கம். பாலினப் பெருக்கத்தில் உண்டாகும் கருநிற வித்துகள் மண்ணில் ஆண்டுக்கணக்கில் அசைவற்றுக் கிடக்கும். ஈரம் மட்டும் அவற்றை எழுப்புவதில்லை, வெப்பம் வேண்டும். ஆய்வகத்தில் 60 டிகிரி வெப்பநிலையில் அரை மணி நேரம் வைத்தால் அவை முளைக்கின்றன. வயலில் அந்த வேலையைத் தீ செய்கிறது. கரும்புத் தோகையைக் கொளுத்திய சில நாள்களில், கருகிய கட்டைகளின் மேல் செம்மஞ்சள் தூள் பூத்துவிடுகிறது. பண்டிட்டும் மகேஸ்வரியும் 1996இல் வெளியிட்ட ஆய்வு, கரும்பு வயலில் இப்பூஞ்சையின் வாழ்க்கை வரலாற்றைப் பதிவு செய்தது.

இரண்டாவது, கடிகாரம். நீண்ட கண்ணாடிக் குழாயில், முழு இருளில் வளர்த்தாலும் இப்பூஞ்சை சுமார் 22 மணி நேரத்துக்கு ஒருமுறை வித்துப் பட்டையொன்றை உருவாக்கும். வெப்பநிலை கூடினாலும் குறைந்தாலும் அந்தக் கால அளவு பெரிதும் மாறுவதில்லை என்பதை 1959இல் பிட்டென்ட்ரியின் குழு காட்டியது. 1973இல் ஃபெல்ட்மேனும் ஹாய்லும் இக்கடிகாரம் பிறழ்ந்த வகைகளைக் கண்டறிந்தனர். அத்தகையவற்றுள் ஒன்றின் ‘நாள்’ 16 மணி நேரம். மற்றொன்றின் ‘நாள்’ 29 மணி நேரம். ஒரே மரபணுவில் நேரும் மாற்றம் ஓர் உயிரின் நாளைச் சுருக்கவும் நீட்டவும் கூடும் என்பது இதனால் தெளிவாயிற்று. காலவுயிரியலுக்குப் பெங்களூரும் அயலன்று. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் வௌவால்களின் அகக்கடிகாரத்தை ஆராய்ந்த எம். கே. சந்திரசேகரன் பின்னர் பெங்களூர் ஜவாஹர்லால் நேரு உயராய்வு மையத்துக்கு வந்து அத்துறையை அங்கே வேரூன்றச் செய்தார்.

மூன்றாவது, மரணம். நியூரோஸ்போராவுக்கு இயல்பில் முதுமை இல்லை. உணவு கிடைக்கும்வரை அதன் இழைகள் வளர்ந்துகொண்டே போகும். ஆனால் ஹவாயின் கவாய்த் தீவில் எடுக்கப்பட்ட சில வகைகள் ஓரளவு வளர்ந்தபின் நின்று மடிந்தன. அவற்றின் மைட்டோகாண்ட்ரியாவில் குடியிருந்த பிளாஸ்மிட் ஒன்று அங்குள்ள டி.என்.ஏ.வுக்குள் நுழைந்து மூச்சையே கெடுத்தது. சாதலைக் குறிக்கும் ஹவாய்ச் சொல்லால் அதற்குக் கலிலோ என்று பெயரிட்டனர். மும்பையை அடுத்த ஆரேயில் கிடைத்த வகைகளிலும் அத்தகைய பிளாஸ்மிட் ஒன்று இருப்பது 1991இல் வெளியாயிற்று. அதன் பெயர் ‘மரன்ஹர்’. மரணத்தை நம் செவிக்கு நேரே நினைவூட்டும் பெயர். மகேஸ்வரியின் குழு தென்னிந்திய வகைகளிலும் இம்முதுமையைக் கண்டது. அதோடு நில்லாமல், இயற்கையிலிருந்து பெற்ற பூஞ்சையில் உட்கருவின் மரபணு ஒன்று பழுதுபட்டாலே மரணம் நேர்வதையும் 2000இல் வெளியிட்டது.

இம்மூன்றையும் சேர்த்துப் பார்க்கும்போதுதான் வயல் ஆய்வின் அருமை புலப்படும். ஆய்வகங்களில் தலைமுறை தலைமுறையாகப் பேணப்பட்ட வகைகளை மட்டும் பார்த்திருந்தால் இப்பூஞ்சை மரணமற்றது என்றே பாடநூல்கள் முடித்திருக்கும். முதுமை என்பது எல்லா உயிரின் தலையிலும் எழுதப்பட்ட பொது விதியா, அல்லது மைட்டோகாண்ட்ரியாவில் நேரும் குறிப்பிட்ட பழுதுகளின் விளைவா என்ற கேள்வியைக் கூர்மையாக்கியவை காட்டிலும் வயலிலும் எடுத்த வகைகளே.

கடிகாரம் குறித்தும் இதே நிலைதான். அதன் மூலக்கூறு இயக்கம் நுட்பமாக விளங்கிவிட்டது. ஆயினும் தீக்குப்பின் எரிந்த தண்டில் வாழும் உயிருக்குக் கடிகாரம் எதற்கு? மகேஸ்வரி 2007இல் எழுதிய கட்டுரையின் தலைப்பே இந்தக் கேள்விதான். கண்ணாடிக் குழாய் எத்தனை நீளமாயினும் அதற்குள் விடை கிடைக்க வழியில்லை. கருகிய கரும்புக் கட்டையின் அருகே இரவும் பகலும் காத்திருந்து பார்ப்பவருக்கே அது கிட்டும்.