இழந்த நகரங்களும் பெற்ற அண்டையரும்

குடியிருக்கும் இடத்தை மாற்றாமலேயே ஒரு நாட்டுக்கு அண்டை வீட்டார் அனைவரும் மாறிவிடக் கூடுமா? கூடும் என்கிறது போலந்தின் அண்மைக்கால வரலாறு. 1989ஆம் ஆண்டில் அந்நாட்டுக்கு அண்டை நாடுகள் மூன்று. அவை சோவியத் ஒன்றியம், செக்கோஸ்லோவாக்கியா, கிழக்கு ஜெர்மனி என்பன. 1993ஆம் ஆண்டு பிறந்தபோது அம்மூன்றில் ஒன்றேனும் உலகப் படத்தில் இல்லை. அவற்றின் இடத்தில் ஜெர்மனி, செக் குடியரசு, ஸ்லோவாக்கியா, உக்ரேன், பெலாரஸ், லித்துவேனியா, கலினின்கிராட் பகுதியை உடைய ரஷ்யா என ஏழு நாடுகள் இருந்தன. போலந்தின் எல்லைக்கோடோ இருந்த இடத்திலேயே இருந்தது.

இத்தகைய மாற்றம் போருக்கு வித்தாவது உண்டு. அதே ஆண்டுகளில் யூகோஸ்லாவியா சிதறியபோது எல்லையின் பெயராலும் இனத்தின் பெயராலும் குருதி பெருகியது. ஆர்மீனியாவும் அசர்பைஜானும் நகோர்னோ கராபாக்கிற்காகப் பொருதின. பழைய உரிமை பேசப் போலந்துக்கும் இடம் இருந்தது. ஆயினும் அதன் அரசு பேசவில்லை. ஏன் பேசவில்லை என்பதே ஈண்டு ஆராயத் தக்கது.

இரு நகரங்கள்

இன்று லித்துவேனியாவின் தலைநகராக விளங்கும் வில்னியுஸ், உக்ரேனின் மேற்கில் உள்ள லிவிவ் ஆகிய இரண்டும் இரு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட காலத்தில் போலந்தின் ஆட்சியில் இருந்தவை. வில்னியுசைப் போலந்துப் படை 1920இல் கைப்பற்றியது. அதனால் இரு நாடுகளும் 1938 வரை தூதுறவே இல்லாமல் பகைத்து நின்றன. லிவிவுக்காகப் போலந்து மக்களும் உக்ரேனியரும் 1918இல் தெருவுக்குத் தெரு போரிட்டனர்.

இரண்டாம் உலகப் போர் முடிந்தபோது இரு நகரங்களும் சோவியத் ஒன்றியத்துக்குள் சென்றன. அதற்கு ஈடாக, ஜெர்மனியின் கிழக்குப் பகுதி போலந்துக்குத் தரப்பட்டது. லிவிவில் வாழ்ந்த போலந்து மக்கள், ஜெர்மானியர் வெளியேற்றப்பட்ட விரோத்ஸ்வாஃப் போன்ற நகரங்களில் குடியேறினர். லிவிவில் இருந்த புகழ்பெற்ற ஒசோலினியம் நூலகத்தின் ஒரு பகுதியும் அவ்வாறே விரோத்ஸ்வாஃப் சென்றது. வீட்டை இழந்தவர், வீட்டை இழந்த பிறரின் வீட்டிலேயே வாழ நேர்ந்தது. லிவிவ் எமது என்று போலந்து கேட்டால், விரோத்ஸ்வாஃப் எமது என்று ஜெர்மனி கேட்காதா? இக்கேள்விக்கு விடை காண்பது எளிதன்று.

ஒரு திங்களிதழ்

விடை கண்டவர் அரசரல்லர், அமைச்சருமல்லர். நாடு கடந்து வாழ்ந்த ஓர் இதழாசிரியர் ஆவார். யெர்சி கெத்ரோய்ட்ஸ் என்பார் 1947இல் 'குல்தூரா' என்னும் இதழைத் தொடங்கிப் பாரிசுக்கு அருகிலிருந்து 2000ஆம் ஆண்டு மறையும்வரை நடத்தினார். பொதுவுடைமை ஆட்சி அதனைப் போலந்துக்குள் தடை செய்தது. ஆயினும் அது கைமாறிக் கைமாறி உள்ளே சென்றுகொண்டே இருந்தது.

வில்னியுசையும் லிவிவையும் லித்துவேனியருக்கும் உக்ரேனியருக்குமே விட்டுவிட வேண்டும் என்று தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்த போலந்துக்காரர் ஒருவர் எழுதிய கடிதத்தை அவ்விதழ் 1952இல் வெளியிட்டது. பிறந்த ஊரை இழந்து அயல்நாடுகளில் வாழ்ந்த வாசகர் பலர் கொதித்தெழுந்தனர். ஆசிரியர் பின்வாங்கவில்லை. 1974இல் அவ்விதழின் கட்டுரையாளரான யூலியுஷ் மியரோஷெவ்ஸ்கி இக்கருத்தை முழுமையாக விளக்கினார். ரஷ்யர் அயலார் நிலத்தை விரும்பினால் அது பேராசை, நாம் விரும்பினால் அது பண்பாட்டுப் பணி என்று கூறுவது நேர்மையாகாது என்றார். உக்ரேனும் லித்துவேனியாவும் பெலாரசும் தனி நாடுகளாக நிற்பதே போலந்துக்கும் அரண் என்றார்.

அமைச்சர் கண்ட வழி

1989இல் பொதுவுடைமை ஆட்சி அகன்றபின் வெளியுறவு அமைச்சரானவர் கிரிஸ்டோஃப் ஸ்குபிஷெவ்ஸ்கி. அவர் அனைத்துலகச் சட்டப் பேராசிரியர். முதலில் அவர் மேற்கெல்லையை உறுதி செய்தார். ஒன்றுபட்ட ஜெர்மனி 1990 நவம்பர் 14இல் எல்லை உடன்படிக்கையில் ஒப்பமிட்டது. அதன்பின் அவ்வெல்லைக்கு மாஸ்கோவின் காப்பு வேண்டியிருக்கவில்லை.

கிழக்கே அவர் இரு தடங்களில் நடந்தார். சோவியத் படை இன்னும் போலந்து மண்ணில் இருந்தமையால் மாஸ்கோவைப் பகைக்கவில்லை; அதே வேளையில் கீவுடனும் நேரே பேசினார். வலியறிதல், காலமறிதல், இடனறிதல் எனத் திருவள்ளுவர் அடுத்தடுத்து அதிகாரம் வகுத்ததன் பொருள் இங்கு நன்கு விளங்குகிறது. 1991 டிசம்பர் 1இல் உக்ரேன் மக்கள் விடுதலைக்கு வாக்களித்தனர். மறுநாளே அதனை முதன்முதலாக ஏற்றுக்கொண்ட நாடு போலந்து. லித்துவேனியாவுடன் உடன்படிக்கை ஏற்பட 1994 வரை ஆயிற்று. 1920ஆம் ஆண்டின் நிகழ்ச்சி அத்துணை ஆழமான புண்ணாக இருந்தது.

தீராத கணக்கு

எல்லாம் இனிதே முடிந்தது என்று எண்ணிவிடலாகாது. நிலத்தை விட்டுக்கொடுப்பது ஒன்று. நினைவை விட்டுக்கொடுப்பது மற்றொன்று. 1943இல் வொலீனியாவில் உக்ரேனியக் கிளர்ச்சிப் படையினர் போலந்து மக்களைப் பல்லாயிரக் கணக்கில் கொன்றனர். 1947இல் போலந்தின் பொதுவுடைமை அரசு ஏறத்தாழ 140,000 உக்ரேனியரை அவர்தம் ஊர்களிலிருந்து பெயர்த்தது. இறந்தோரின் எலும்பைத் தோண்டி எடுத்து முறையாக அடக்கம் செய்வதுகூட இரு அரசுகளுக்கும் நெடுங்காலம் பூசலாக இருந்தது. லித்துவேனியாவில் வாழும் போலந்து இனத்தார் தம் பெயரைத் தம் எழுத்தால் எழுதும் உரிமைக்காகப் பல்லாண்டு வாதாடினர். லித்துவேனிய நெடுங்கணக்கில் இல்லாத 'டபிள்யூ' என்னும் எழுத்தை ஆவணங்களில் எழுத 2022இல்தான் சட்டம் இடந்தந்தது. ஓர் எழுத்து ஓர் இனத்தாருக்கு எத்துணைப் பெரிது என்பதைத் தமிழாசிரியருக்கு எடுத்துரைக்க வேண்டுவதில்லை.

எனினும் 2022இல் ரஷ்யப் படை உக்ரேனுக்குள் புகுந்தபோது, எல்லை கடந்து வந்த பல இலட்சம் உக்ரேனியரைப் போலந்து மக்கள் வரவேற்றுத் தம் வீடுகளிலேயே இடமளித்தனர். மறு ஆண்டே உக்ரேனியத் தானியம் தம் உழவரைக் கெடுக்கிறது என்று போலந்து அரசு இறக்குமதிக்குத் தடை விதித்தது. அண்டை வீட்டாரிடையே அன்பும் பிணக்கும் மாறி மாறி வருவது இயல்பு. ஆனால் பிணக்கு தானியத்தைப் பற்றியும் கல்லறையைப் பற்றியும் எழுந்ததேயன்றி, லிவிவ் யாருடையது என்பதைப் பற்றி எழவில்லை. அவ்வொரு கேள்வியை அடைத்துவைத்தமையால்தான் மற்றக் கேள்விகளைப் பேசித் தீர்க்க வாய்ப்புக் கிட்டியது. அக்கதவை அடைத்தது, படையும் பதவியும் இல்லாத ஒரு சிற்றிதழின் நாற்பதாண்டு உழைப்பு.