நாணும் சட்டைப்பையும்: 'சைன்' என்னும் கலைச்சொல்லின் வரலாறு

முக்கோணவியலில் 'சைன்' என வழங்கும் கலைச்சொல் ஒரு மொழிபெயர்ப்புப் பிழையால் பிறந்தது என்று கணித வரலாற்று நூல்கள் பலவும் கூறும். வில்லின் நாணைக் குறித்த 'ஜீவா' என்னும் வடசொல் அரபியில் 'ஜீபா' ஆயிற்று. உயிர்க்குறியின்றி எழுதப்பட்ட அச்சொல்லை ஐரோப்பிய மொழிபெயர்ப்பாளர் ஒருவர், ஆடையின் மார்புத் திறப்பைக் குறிக்கும் 'ஜைப்' எனப் படித்துவிட்டார். ஆதலின் மார்பு, மடி, ஆடை மடிப்பு ஆகிய பொருள்களையுடைய 'சைனஸ்' என்னும் லத்தீன் சொல்லை இட்டார் என்பது அவை தரும் விளக்கம். மொழிபெயர்ப்பாளரின் கவனக்குறைவுக்கு இதைவிட வேடிக்கையான சான்று கிடைப்பது அரிதாதலின், இது மீண்டும் மீண்டும் எடுத்துரைக்கப்பட்டு வருகிறது. இவ்விளக்கத்தின் முற்பகுதி ஏற்கத்தக்கது. பழியை லத்தீன் மொழிபெயர்ப்பாளர்மீது ஏற்றும் பிற்பகுதி, அரபுச் சொல்லாக்க இலக்கணத்தை நோக்காமல் எழுந்தது என்பதை இக்கட்டுரை காட்ட முயல்கிறது.

வில், நாண், அம்பு

கிரேக்க வானியலார் கோள்களின் நிலையைக் கணிக்க வட்டத்தின் முழு நாணைப் பயன்படுத்தினர். கி.பி. 2ஆம் நூற்றாண்டில் தாலமி இயற்றிய 'அல்மகெஸ்ட்' நூலில் அரைப்பாகை இடைவெளியில் 180 பாகை வரையுள்ள விற்களுக்கு நாண் அளவுகள் பட்டியலிடப்பட்டுள்ளன. அவ்வட்டத்தின் விட்டம் 120 அலகு. கணக்கிடும்போது பெரும்பாலும் வேண்டுவதோ இரட்டித்த வில்லுக்குரிய நாணின் பாதியே. ஒவ்வொரு முறையும் கோணத்தை இரட்டித்து, நாணைக் கண்டு, அதனைப் பாதியாக்கும் உழைப்பை இந்திய வானியலார் தவிர்த்தனர். பாதி நாணையே நேரடியாகப் பட்டியலிட்டதுதான் அவர்கள் செய்த மாற்றம். பார்வைக்குச் சிறிதாகத் தோன்றும் இம்மாற்றத்திலிருந்தே இன்றைய முக்கோணவியல் கிளைத்தது.

கி.பி. 499ஆம் ஆண்டைத் தம் கணக்கின் ஆண்டாகக் குறிப்பிடும் ஆரியபடர், கால்வட்டத்தை 24 சம பகுதிகளாகப் பிரித்து, அடுத்தடுத்த அரைநாண்களின் வேறுபாடுகள் 24ஐயும் ஒரே செய்யுளில் அடக்கினார். ஒவ்வொரு பகுதியும் 225 கலை. அதாவது 3 பாகை 45 கலை. வட்டச் சுற்றளவை 21,600 கலையாகக் கொண்டால் ஆரம் ஏறத்தாழ 3,438 கலை ஆகும். முதல் வேறுபாடு 225, அடுத்தது 224, அதற்கடுத்தது 222 எனக் குறைந்துகொண்டே சென்று இறுதியில் 7 ஆகிறது. முதல் எட்டு வேறுபாடுகளின் கூட்டுத்தொகை 1,719. இது 30 பாகைக்குரிய அளவு, ஆரத்தின் சரிபாதி. இருபத்துநான்கின் கூட்டுத்தொகை 3,438; ஆரமே.

இவ்வளவைக்குச் 'ஜ்யார்த்தம்', 'அர்த்தஜ்யா' (நாணின் பாதி) என்பனவே பொருந்தும் பெயர்கள். ஆயினும் முழு நாண் கணக்கில் வேண்டப்படாமையால், 'பாதி' என்னும் பகுதி நாளடைவில் உதிர்ந்து 'ஜ்யா' மட்டும் நின்றது. பொருள் பாதியாயிருக்கச் சொல் முழுமையின் பெயரைத் தாங்கியது. அரபியரைச் சேருமுன்பே, பிறந்த மொழியிலேயே இச்சொல் ஒருமுறை தன் நேர்ப்பொருளிலிருந்து விலகிவிட்டது என்பது கருதத்தக்கது.

மொழியியலார் நோக்கத்தக்க செய்தி மற்றொன்றும் உண்டு. வடமொழிக் கணித நூல்கள் செய்யுளால் ஆனவை. யாப்பின் தேவைக்கேற்ப 'ஜ்யா', 'ஜீவா', 'மௌர்வீ', 'சிஞ்ஜினீ' என நாணைக் குறிக்கும் சொற்களுள் எதனையும் ஆசிரியர் ஆளலாம். வட்டத்தின் பகுதி வில் (சாபம், தனுசு). அதன் இரு முனைகளையும் இணைப்பது நாண். நாணின் நடுவிலிருந்து வில்லின் நடுவுக்குச் செல்வது அம்பு (சரம்). வில்லின் நுனி கோடி. நிரப்பு வில்லுக்குரியது கோடிஜ்யா. படம் ஒன்றே, பெயர்கள் பல. அங்கே கலைச்சொல்லின் உயிர் பொருளில் இருந்தது. ஒலி மாறினாலும் கணக்கு மாறவில்லை.

இப்பட்டியல் மேற்கே செல்லுமுன் கிழக்கே சென்றது. தாங் அரசர் காலத்துச் சீனத் தலைநகரில் பணியாற்றிய இந்திய மரபினரான கௌதம சித்த என்னும் வானியலார், கி.பி. 718இல் 'சியூசி லி' என்னும் பஞ்சாங்க நூலைச் சீனத்தில் ஆக்கினார். அதில் 3,438 ஆரமுடைய அரைநாண் பட்டியல் உள்ளது. எனினும் சீன வானியலார் அதனைத் தம் கணக்கில் ஏற்றுக்கொள்ளவில்லை. பட்டியல் பெயர்க்கப்பட்டது, வழக்கில் இறங்கவில்லை.

பாக்தாத்தில் நேர்ந்தது

அப்பாசியக் கலீபா அல்-மன்சூரின் காலத்தில், கி.பி. 770ஐ ஒட்டிய ஆண்டுகளில், சிந்துப் பகுதியிலிருந்து பாக்தாத்துக்கு வந்த தூதுக்குழுவினருடன் வானியல் வல்லார் ஒருவரும் வந்தார். பிரம்மகுப்தரின் மரபைச் சார்ந்த சித்தாந்த நூல் ஒன்று அவர் துணையால் அரபியாக்கப்பட்டது. 'சித்தாந்தம்' என்னும் சொல்லே 'சிந்ஹிந்த்' என்று திரிந்து அந்நூல் மரபின் பெயராயிற்று. சிந்துவும் ஹிந்துவும் இணைந்ததுபோல் ஒலிக்கும் இத்திரிபு அரபியரின் செவிக்கு இனித்திருக்க வேண்டும்.

இம்மொழிபெயர்ப்பில் வில்லும் அம்பும் பொருளால் பெயர்க்கப்பட்டன. வில்லுக்கு 'கவ்ஸ்', அம்புக்கு 'சஹ்ம்' என்பன அரபியின் சொந்தச் சொற்கள். நாண் மட்டும் ஒலியால் பெயர்க்கப்பட்டது. அரபியில் பல்லிதழ் வகரம் இன்மையால் 'ஜீவா' என்பது 'ஜீபா' ஆனது. நாணுக்கு அரபியில் சொல் இல்லாமல் இல்லை. 'வதர்' என்பது வில்நாணையும் யாழ் நரம்பையும் குறிக்கும். தாலமியின் நூல் கி.பி. 9ஆம் நூற்றாண்டில் அரபியாக்கப்பட்டபோது அவருடைய முழு நாணுக்கு அச்சொல்லே நிலைபெற்றது. அரைநாணையும் 'வதர்' என்றிருந்தால் கிரேக்கப் பட்டியலும் இந்தியப் பட்டியலும் ஒரே பெயரில் வழங்கி, கணிப்பவரைக் குழப்பத்தில் ஆழ்த்தியிருக்கும். பொருளற்ற ஒலிபெயர்ப்பே இரண்டையும் வேறுபடுத்திக் காத்தது. ஒலிபெயர்ப்பை மொழிபெயர்ப்பாளரின் இயலாமை என்று மட்டும் கருதுவோர் இதனை எண்ணிப் பார்க்கலாம்.

ஆயினும் பொருளற்ற சொல்லை ஒரு மொழி நெடுநாள் தாங்குவதில்லை. அரபு எழுத்தில் குற்றுயிர்கள் எழுதப்படுவதில்லை. ஜீம், யா, பா ஆகிய மூன்று மெய்களின் கூட்டை 'ஜீப்' என்றும் படிக்கலாம், 'ஜைப்' என்றும் படிக்கலாம். முன்னது அரபியில் எதனையும் குறியாது. பின்னதோ ஆடையின் கழுத்துத் திறப்பு, மார்பு, பொருள் வைக்கும் மடிப்பு என நாள்தோறும் வழங்கும் சொல். படிப்பவரின் கண் தெரிந்த சொல்லையே நாடும். இவ்வரபுச் சொல்லே பாரசீகம், இந்துஸ்தானி வழியாகத் தமிழுக்கு வந்து 'ஜேப்பு' ஆயிற்று. ஜேப்படித் திருடனின் பெயரும் ஆரியபடரின் அரைநாணும் இவ்வாறு ஒரே எழுத்துக் கூட்டில் சந்தித்தன என்பது நகைப்புக்குரியதாயினும் உண்மையே.

எழுத்து முறை ஒவ்வொன்றும் எதையேனும் எழுதாது விடுகிறது. ஆரியபடரின் எண் குறியீட்டில் மகரம் 25. வர்க்கத்தின் இரண்டாம் ககரம் இகரத்தோடு கூடினால் 200. இரண்டும் சேர்ந்து 225. தமிழெழுத்தில் இதனை எழுதினால் 'கி' என்னும் ஒரே வடிவம் 100, 200, 300, 400 ஆகிய நான்கையும் குறிக்கக்கூடும். முதல் வேறுபாடு 125ஆ, 225ஆ, 325ஆ, 425ஆ என்பது தெரியாமற் போகும். தமிழகத்தில் வடமொழி நூல்களைக் கிரந்த எழுத்தில் எழுதிவந்ததன் பயன் இத்தகைய இடங்களில் நன்கு விளங்கும். அரபியில் உயிர் நழுவியது. தமிழெழுத்தில் வர்க்கம் நழுவும்.

'ஜைப்' என்னும் வாசிப்பு யாருடையது? இதற்கான விடை அரபு இலக்கணத்தில் உள்ளது. அரபு வானியல் நூல்களில் இக்கலைச்சொல்லின் பன்மை 'ஜுயூப்'. 'பைத்' (வீடு) என்பதற்கு 'புயூத்' என வருவதுபோல், 'ஜைப்' என்பதற்கே 'ஜுயூப்' எனப் பன்மை வரும். மேலும் அரைநாண் கோடுகள் வரையப்பட்ட கால்வட்டக் கருவிக்கு 'அர்-ருபுஉல் முஜய்யப்' என்று பெயர். ஜீம், யா, பா ஆகியவற்றை மூவெழுத்து வேராகக் கொண்டு, அரபு வாய்பாட்டின்படி ஆக்கப்பட்ட பெயரடை இது. பன்மை வாய்பாட்டையும் வினைவழிப் பெயரடையையும் ஏற்ற ஒரு சொல் அயற்சொல்லாக நின்றுவிடவில்லை. அரபு அறிஞர்களே அதனைத் தம் சொல்லாக்கிக்கொண்டனர். அவர்களுள் எவரும் சட்டைப்பையை நினைத்து அரைநாண் கணக்கிட்டிருக்கமாட்டார். சொல் தன் மூலத்தை மறந்து கலைச்சொல்லாகிவிட்டது.

இதே சொற்குடும்பத்தின் இன்னோர் உறுப்புக்கு வேறு கதி நேர்ந்தது. 'கிரமஜ்யா' என்பதன் திரிபாகக் கொள்ளப்படும் 'கர்தஜ' என்னும் அரபுச் சொல், பட்டியலில் வில்லின் இடைவெளிப் பகுதியைக் குறிப்பதாயிற்று. நாணைக் குறித்த சொல் வில்லின் துண்டுக்கு இடம் மாறியது. அது அரபு வேர் எதனோடும் ஒட்டவில்லை. லத்தீனிலும் 'கர்தாகா' என்றே சிலகாலம் வழங்கிப் பின் மறைந்தது.

தொலேதோவும் பிறகும்

அல்-குவாரிஸ்மி 9ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் சிந்ஹிந்த் மரபில் ஆக்கிய வானியற் பட்டியலின் அரபு மூலம் இன்று இல்லை. ஸ்பெயின் நாட்டுக் குர்துபா நகரின் நெடுவரைக்கேற்ப மஸ்லமா அல்-மஜ்ரீத்தி அதனைத் திருத்தினார். அத்திருத்தத்தை பாத் நகர அடெலார்டு கி.பி. 1126இல் லத்தீனாக்கினார். அவர் 'ஜைப்' என்பதைப் பெயர்க்கவில்லை. 'அல்' என்னும் முன்னொட்டையும் சேர்த்து 'எல்ஜெய்ப்' என ஒலிபெயர்த்தார். அதே நூற்றாண்டில் 'சைனஸ்' என்னும் லத்தீன் சொல் தோன்றியது. அதனை முதலில் ஆண்டவர் தொலேதோவில் உழைத்த கிரெமோனா ஜெரார்டு என்பாரும், செஸ்டர் ராபர்ட் என்பாரும் உளர். ஜெரார்டு 1187இல் காலமானவர். அல்மகெஸ்ட் உட்படப் பல அரபு நூல்களை லத்தீனாக்கியவர். அந்நூற்றாண்டின் நடுவில், 1150இல், இரண்டாம் பாஸ்கரர் சித்தாந்த சிரோமணியை இயற்றி அரைநாண்களைப் பற்றி விரிவாக எழுதினார். ஒரே சொல்லின் இரு கிளைகளில் பணிபுரிந்த தொலேதோ அறிஞர்களும் பாஸ்கரரும் ஒருவரையொருவர் அறிந்ததில்லை.

லத்தீன் மொழிபெயர்ப்பாளர் முன் இருந்தது வடசொல் அன்று. நெடுங்காலம் அரபியில் பழகி, பன்மையும் பெயரடையும் பெற்ற 'ஜைப்' என்னும் அரபுச் சொல். அதற்கு 'சைனஸ்' நேரிய மொழிபெயர்ப்பு. ரோமானியரின் மேலாடை மார்பின் குறுக்கே விழும் மடிப்பையும் அச்சொல் குறித்தது; அம்மடிப்பில் பொருள் வைப்பதும் அவர்கள் வழக்கம். மார்பு, மடிப்பு, பை ஆகிய மூன்றையும் ஒருங்கே தரும் சொல்லை எளிதில் தேர்ந்தெடுத்துவிட முடியாது. 'கவ்ஸ்' என்பதை 'ஆர்க்குஸ்' (வில்) என்றும், 'சஹ்ம்' என்பதை 'சகித்தா' (அம்பு) என்றும் லத்தீனார் பெயர்த்ததும் இம்முறையிலேயே. வில்லும் அம்பும் மூன்று மொழிகளைக் கடந்தும் வில்லும் அம்புமாகவே இருக்க, இடையிலிருந்த நாண் மட்டும் ஆடை மடிப்பாகிவிட்டது. அம்மாற்றம் நிகழ்ந்த இடம் தொலேதோ அன்று. அது அரபு எழுத்துக்கும் அரபு வாசகருக்கும் இடையே, முன்னரே நிகழ்ந்து முடிந்தது.

ரெகியோமொந்தானஸ் 1464இல் எழுதி 1533இல் அச்சான முக்கோணவியல் நூல் 'சைனஸ்' என்னும் பெயரை ஐரோப்பாவில் நிலைநிறுத்தியது. 'நிரப்பு வில்லின் சைனஸ்' என்னும் நீண்ட தொடரை 1620இல் எட்மண்ட் கண்டர் 'கோசைனஸ்' எனச் சுருக்கினார். 'கோடிஜ்யா' என்பதற்கும் 'கோசைன்' என்பதற்கும் முதலெழுத்து ஒத்திருப்பது தற்செயலே. இந்தியில் இன்று வழங்கும் 'கோஜ்யா' என்னும் வடிவத்தில் இரண்டும் ஒன்றாய்க் கலந்து, எது எதன் எதிரொலி என்று பிரிக்கவியலாதபடி உள்ளன. தொடுகோட்டு அளவைக்கு இந்தி நூல்கள் 'ஸ்பர்சஜ்யா' என்கின்றன. தொடுகோடு எந்த வில்லுக்கும் நாண் ஆகாது. அங்கே 'ஜ்யா' நாணைக் குறிப்பதை விட்டுக் கோணச் சார்புகளின் பொதுப்பெயர் போல நிற்கிறது.

தமிழ்ப் பாடநூல்களில் வட்டத்தின் பகுதி 'வில்', அதன் முனைகளை இணைக்கும் கோடு 'நாண்'. ஆரியபடரின் படம் இச்சொற்களில் அப்படியே இருக்கிறது. அப்படத்தின் மையமான அளவைக்கு மட்டும் 'சைன்' என்னும் ஒலிபெயர்ப்பு. தமிழ்ச்சொல் வேண்டுவோர் இதனைக் குறையாகக் கருதுவது இயல்பு. ஆனால் 'நாண்' என்பது முழு நாணுக்கு உரிமையாகிவிட்டது; பாக்தாத்தில் 'வதர்' எவ்வாறு நின்றதோ அவ்வாறே. 'அர்த்தஜ்யா' என்பதைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் கிடைப்பது 'அரைநாண்'. இக்கட்டுரையின் முற்பகுதியில் அச்சொல் ஆளப்பட்டுள்ளது. கணித விளக்கத்தின் நடுவே வருவதால் அங்கு அது மயக்கம் தரவில்லை. தனியே ஒரு பட்டியலின் தலைப்பில் அதனைக் காணும் தமிழ் மாணவர், 'அரை' என்பதைப் பாதி என்று கொள்ளாமல் இடுப்பு என்றே கொள்வார். குழந்தையின் இடுப்பில் கட்டும் அரைஞாண் கயிறுதான் அவர் நினைவுக்கு வரும்.