சிறுமொழியின் ஆயுள்: முதுமொழிக்காஞ்சி, ஆத்திசூடி, வழக்குப் பழமொழி

பதினெண்கீழ்க்கணக்கு நூல்களுள் ஒன்றான முதுமொழிக்காஞ்சியில் 100 அறிவுரைகள் உள்ளன. மதுரைக் கூடலூர் கிழார் இயற்றிய இந்நூலில் ஒவ்வொரு கருத்தும் ஓரடியில் முடிந்துவிடுகிறது. பல நூற்றாண்டுகளுக்குப் பின் எழுந்த ஔவையாரின் ஆத்திசூடியிலும் 109 அறிவுரைகள் ஓரடிகளாகவே அமைந்துள்ளன. இதன் காலம் 12ஆம் நூற்றாண்டை ஒட்டியது என்பர் பெரும்பாலோர். முன்னதை இன்று தமிழ் இலக்கியம் பயின்றோர் மட்டுமே அறிவர். அவர்களுள்ளும் அதிலிருந்து நான்கு அடியை நினைவிலிருந்து சொல்லக்கூடியவர் அரியர். பின்னதிலிருந்து நான்கு அடியைப் பள்ளிக்கூடம் போகாத பாட்டியும் சொல்வார்.

அறிவுரை சுருக்கமாகவும் எளிமையாகவும் இருந்தால் நிலைத்துவிடும் என்பது பொதுவான கருத்து. பெரிய உண்மையைச் சிறிய சொல்லில் அடக்குவதே அதன் சிறப்பு என்றும் சொல்லப்படுகிறது. அப்படியானால் முதுமொழிக்காஞ்சியும் வீட்டுக்கு வீடு வழங்கியிருக்க வேண்டும். நிலைபேற்றுக்குச் சுருக்கம் வேண்டும். ஆனால் அது மட்டும் போதாது. ஒவ்வொரு சொல்லையும் தனியே நினைவுக்குக் கொண்டுவர ஒரு பிடி வேண்டும். சொல்பவர் தம் சூழலை இட்டு நிரப்பிக்கொள்ள அதில் ஓர் இடமும் வேண்டும். இவ்விரண்டில் பின்னதே முதன்மையானது என்பது இக்கட்டுரையின் வாதம்.

நினைவின் பிடி

முதுமொழிக்காஞ்சி பத்துப் பத்துகளாகப் பகுக்கப்பட்டது. ஒரு பத்துக்குள் வரும் அடிகள் எல்லாம் ஒரே வாய்பாட்டில் அமையும். இல்லைப் பத்தில் ஒவ்வோர் அடியும் ‘இல்லை’ என்று முடியும். எளிய பத்தில் ‘எளிது’ என்று முடியும். ஏட்டில் படிப்போருக்கு இந்த ஒழுங்கு அழகாகத் தோன்றலாம். நினைவில் வைக்க முயல்வோருக்கோ இதுவே இடைஞ்சல். ஓரடி அடுத்த அடியின் சாயலில் மறைந்துவிடுகிறது. எது எந்தப் பத்தில் வந்தது என்ற குழப்பம் எழுகிறது.

ஆத்திசூடி அகரவரிசையில் நடக்கிறது. முதலில் உயிரெழுத்துகள், அடுத்து ஆய்தம், பின் உயிர்மெய் என ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் அறிவுரை. திண்ணைப் பள்ளியில் மணலில் விரலால் எழுத்தை வரைந்த பிள்ளை, அந்த எழுத்தோடேயே அதற்குரிய அடியையும் உரக்கச் சொன்னது. எழுத்து நினைவுக்கு வந்தால் அடியும் உடன்வரும். ஓரடி மறந்தால் அந்த எழுத்தின் இடம் வெறுமையாக நின்று மறந்ததைக் காட்டிக்கொடுக்கும். ஐந்து வயதில் பொருள் விளங்கியிருக்காது. விளங்க வேண்டிய தேவையும் அப்போது இல்லை. நாற்பது வயதில் ஒரு பாகப்பிரிவினையிலோ ஒரு கடன் தகராறிலோ அந்த அடி நாவில் வந்து நிற்கும்போதுதான் அதற்குப் பொருள் உண்டாகிறது.

ஆத்திசூடி நிலைத்தது அதன் அமைப்பால் அன்று, பள்ளியில் பாடமாக இருந்ததால்தான் என்று மறுக்கலாம். இதில் பாதி உண்மை உண்டு. பள்ளி மனப்பாடம் செய்விக்கும். வளர்ந்த பின் அதை எடுத்தாளவும் அது செய்விக்குமா? எந்தப் பள்ளியிலும் பாடமாக வைக்கப்படாமல் வாய்வழியே வாழ்ந்துவரும் பழமொழிகளைப் பார்த்தால் இதற்கு விடை கிடைக்கும்.

நிரப்பப்படாத இடம்

‘காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்’ என்பது களத்துமேட்டில் பிறந்த சொல். போரடித்து முடித்த நெல்லில் பதரும் தூசியும் கலந்திருக்கும். காற்று வீசும் திசை பார்த்து, முறத்தில் அள்ளி உயரத் தூக்கிச் சரிப்பார்கள். கனத்த மணி காலடியில் விழும். பதர் அப்பால் பறக்கும். காற்று நின்றுவிட்டால் நெல் களத்திலேயே கிடக்க வேண்டியதுதான். அதற்குள் மழை வந்தால் நட்டம்.

அறுவடை இயந்திரம் வந்தபின் அறுப்பதும் அடிப்பதும் தூற்றுவதும் ஒரே வண்டிக்குள் முடிந்துவிடுகின்றன. முறத்தைத் தொட்டிராதவர்களும் இப்பழமொழியைத் தயக்கமின்றிச் சொல்கிறார்கள். பிறந்த தொழில் மங்கியும் சொல் மங்கவில்லை. இதைவிட முக்கியமான மாற்றம் ஒன்று உண்டு. தந்தை மகனிடம் சொன்னால் இது அறிவுரை. பதவியில் இருக்கும்போது சொத்துச் சேர்ப்பவரைப் பார்த்துத் தேநீர்க்கடையில் ‘காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்கிறார்’ என்றால் இதுவே வசை. யார் தூற்றுவது, எதைத் தூற்றுவது என்று பழமொழி சொல்வதில்லை. அந்த இடத்தைச் சொல்பவரே நிரப்புகிறார்.

‘பொறுத்தார் பூமி ஆள்வார்’ என்ற பழமொழியும் அதே ஊரில், அதே வீட்டில் வழங்குகிறது. ஒன்று விரைந்து செய் என்கிறது. மற்றது காத்திரு என்கிறது. இரண்டையும் எக்காலத்துக்கும் பொருந்தும் உண்மைகளாகக் கொண்டால் ஒன்று பொய்யாக வேண்டும். மக்கள் இரண்டையும் கைவிடாததற்குக் காரணம், அவற்றை அவர்கள் உண்மைகளாகக் கொள்ளவில்லை. ஒரு நிலைமையில் ஒரு பக்கம் நின்று பேச உதவும் வாதங்களாகவே கொண்டார்கள்.

தொல்காப்பியம் செய்யுளியலில் முதுமொழிக்கு இலக்கணம் கூறும்போது நுட்பம், சுருக்கம், ஒளி முதலிய பண்புகளோடு நிற்பதில்லை. கருதிய ஒரு பொருளை முடித்துக்காட்டுவதற்குக் காரணமாக வருவது முதுமொழி என்றும் அது சேர்த்துக் கூறுகிறது. பண்புகளை மட்டும் மேற்கோளாகக் காட்டி, பயன்பாட்டைக் குறிக்கும் இப்பகுதியை விட்டுவிடுவது இலக்கணத்தில் பாதியை விட்டுவிடுவதாகும். முன்றுறை அரையனாரின் பழமொழி நானூறும் இவ்வழியே நிற்கிறது. அதன் வெண்பாக்களில் முற்பகுதி ஒரு சூழலைச் சொல்லும். ஈற்றில் பழமொழி வந்து அதை முடித்துவைக்கும்.

மறுமொழிக்கு இடம்

நிரப்ப இடம் விட்ட சொல்லில் முன்முடிவும் எளிதாகக் குடியேறும். பழமொழி காரணம் காட்டாது. ஆதலால் அதோடு வாதாடுவதும் கடினம். பெண்ணையும் சாதியையும் இழிக்கும் பழமொழிகள் நெடுங்காலம் தட்டிக்கேட்கப்படாமல் வழங்கியதற்கு இச்சுருக்கமும் ஒரு காரணம். நீண்ட விளக்கவுரையால் அவற்றை எதிர்கொள்வோர் பெரும்பாலும் தோற்கிறார்கள்.

பாரதி இதை உணர்ந்தவர். 110 அடிகள் கொண்ட புதிய ஆத்திசூடியில் ஔவையின் வடிவத்தை அவர் அப்படியே வைத்துக்கொண்டு உள்ளீட்டை மாற்றினார். ஔவை சினத்தைத் தணிக்கச் சொன்னார். பாரதி சீற்றத்தைப் பயிலச் சொன்னார். ‘போ’ என்னும் எழுத்தில் ஔவை போரை விலக்கினார். பாரதி அதே எழுத்தில் போர்ப்பயிற்சியை வேண்டினார். ‘தை’ என்னும் எழுத்தில் பெண்ணின் பேச்சுக்குச் செவிகொடுக்க வேண்டாம் என்றது பழைய நூல். அதே எழுத்தில் பெண்ணை உயர்த்தச் சொன்னது புதிய நூல். பழைய அடி நினைவில் எந்த இடத்தில் இருந்ததோ, அந்த இடத்துக்கே புதிய அடி போட்டிக்கு வந்தது. ஒரே வடிவம் இரண்டு எதிர்நிலைகளையும் தாங்கியிருக்கிறது. ஆகவே சிறுமொழியின் கவர்ச்சி அதில் அடங்கிய உண்மையால் மட்டும் வருவதில்லை என்பது இங்கும் உறுதியாகிறது.

தொகுப்போர்க்கு

19ஆம் நூற்றாண்டில் தமிழ்ப் பழமொழிகள் பெரிய அளவில் அச்சேறின. பெர்சிவல் 1874இல் 6000க்கு மேற்பட்டவற்றை வெளியிட்டார். 1894இல் லாசரஸ் பொருளும் பயன்பாடும் பற்றிய குறிப்புகளைச் சேர்த்தார். 1897இல் ஜென்சன் பொருள்வாரியாக வகுத்தார். இம்மூவர் உழைப்பு இல்லையேல் பல பழமொழிகள் நமக்குக் கிட்டியிரா. ஆயினும் அவர்கள் தொகுப்புகளில் சொல்லைக் காண்கிறோமே தவிர, அதை யார் யாரிடம் எந்தத் தகராறில் எந்தத் தொனியில் சொன்னார் என்பதைக் காண முடிவதில்லை. பழமொழி வாழ்ந்த இடம் அதுவே என்றால், அதுவே விடுபட்டுப்போயிற்று.

இனி வரும் களப்பணியில் பழமொழியின் எண்ணிக்கையைக் கூட்டுவதைவிட, ஒரே பழமொழி ஓர் ஊரில் அறிவுரையாகவும் வசையாகவும் சமாதானமாகவும் எப்படியெல்லாம் ஆளப்படுகிறது என்று சூழலோடு பதிவுசெய்வது பயன்தரும். சொன்னவரின் வயது, உறவு, கேட்டவர் தந்த விடை ஆகியவையும் குறிப்பில் இடம்பெற வேண்டும். எந்தப் பழமொழி எதைக் கொண்டு மறுக்கப்பட்டது என்பதையும் குறித்துவைத்தால், சிறுமொழிகள் ஒன்றையொன்று எதிர்த்தும் எப்படிச் சேர்ந்து வாழ்கின்றன என்பதை ஊகமாக அன்றிச் சான்றோடு பேச முடியும்.