அனோபிலிஸ்: ஒரு பெயரின் வரலாறு



மலேரியாக் காய்ச்சலைப் பரப்பும் கொசுவுக்கு விஞ்ஞானிகள் இட்ட பெயர் அனோபிலிஸ். கிரேக்க மொழியில் 'ஓபெலோஸ்' என்றால் பயன். அதன் முன்னால் நிற்கும் 'அன்' இன்மையைக் குறிக்கும். ஆகவே, அனோபிலிஸ் என்றால் 'பயனற்றது'. 'அநாவசியம்' என்கிறோமே, அந்த வடசொல்லின் முன்னால் நிற்பதும் இந்த 'அன்'னுக்கு உறவுதான். இரத்தச் சோகையைக் குறிக்கும் 'அனீமியா'விலும் அதே 'அன்' உண்டு. அச்சொல்லின் பொருள் இரத்தமின்மை.

1818-இல் மைகன் என்ற ஜெர்மானியர் இப்பெயரைச் சூட்டியபோது, இக்கொசு நோய் பரப்பும் என்பதை எவரும் அறியார். சதுப்பு நிலக் காற்றே காய்ச்சலுக்குக் காரணம் என நம்பினர். மலேரியா என்ற இத்தாலியச் சொல்லுக்கே 'கெட்ட காற்று' என்றுதான் பொருள். 1897-இல் இந்தியாவின் செகந்திராபாத்தில் ரொனால்ட் ராஸ், அனோபிலிஸ் கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியைக் கண்டார். பயனற்றது எனப்பட்ட பூச்சி, உயிர்க்கொல்லி எனத் தெரியவந்தது.

அந்த அறிவு விரைவிலேயே நம் சிலாங்கூருக்கு உதவியது. 1901-இல் கிள்ளானுக்கு வந்த மருத்துவர் மால்கம் வாட்சன், அங்கும் இன்று போர்ட் கிள்ளான் எனப்படும் துறைமுகத்திலும் சதுப்பு நீரை வடியச் செய்து காட்டை வெட்டச் செய்தார். காய்ச்சல் தணிந்தது. கடலோரத்துக் கொசு நிழல்நீரில் முட்டையிடுவது. நிழல் போனதும் அதுவும் குறைந்தது.

ஆனால் நம் செராஸ் போன்ற குன்றடி நிலங்களின் கதை வேறு. குன்றுப்புறத் தோட்டங்களில் காட்டை வெட்டியதும் ஓடைகளில் வெயில் பட்டது. வெயில்படும் தெளிந்த ஓடைநீரை விரும்பும் வேறோர் அனோபிலிஸ் அங்கே பெருகியது. கடலோரத்தில் நோயைத் தணித்த அதே வேலை, இங்கே நோயை வளர்த்தது. மரம் வெட்டி, பால்மரம் நட்டு, ஓடையருகே லயங்களில் குடியிருந்த நம் முன்னோர் பலர் அக்காய்ச்சலுக்கு இரையாயினர். பிறகு ஓடைநீரை மண்ணுக்கடியில் குழாய்களில் விட்டும், நீர்மேல் எண்ணெய் தெளித்தும் கொசுவை ஒடுக்கினார்கள்.

2018 முதல் மலேசியாவுக்குள்ளேயே மனிதரிடமிருந்து மனிதருக்குப் பரவும் மலேரியா பதிவாகவில்லை. எனினும், குரங்குகளிடமிருந்து வரும் மலேரியா காட்டோரங்களில் இன்னும் உண்டு. அதைக் கொண்டுவருவதும் அனோபிலிஸ்தான். ஆகவே, காட்டோரம் வேலை செய்வோர் காய்ச்சல் கண்டால், தாமதியாமல் இரத்தப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும்.

பெயரிட்டதால் மட்டும் ஒரு பொருளை அறிந்தவர் ஆகிவிட மாட்டோம். எந்தக் கொசு, எந்த நீர் என்று நுணுகிப் பார்த்த பிறகே நம் லயங்களில் உயிர்கள் பிழைத்தன. இதை நம் பிள்ளைகளுக்குச் சொல்லிவைப்போம்.