கருவூலமும் சட்டமன்றமும்: சிலேசிய மாநிலத்தின் தன்னாட்சி

123 ஆண்டுகள் அண்டை வல்லரசுகளின் பிடியில் சிதறுண்டு கிடந்த போலந்து, 1918ஆம் ஆண்டு நவம்பரில் மீண்டும் தனிநாடாகத் தலைநிமிர்ந்தது. அதன் தென்மேற்கு எல்லையில், நிலக்கரியும் இரும்பாலைகளும் நிறைந்த மேல் சிலேசியாவைப் போலந்தும் ஜெர்மனியும் ஒருங்கே உரிமை கோரின. மக்களின் வாக்கெடுப்பினால் வழக்கு தீர்க்கப்பட வேண்டுமென வெர்சாய் உடன்படிக்கை விதித்தது.

அம்மக்களின் நெஞ்சங்களைக் கவர விரும்பிய போலந்து நாடாளுமன்றம், 1920 ஜூலை 15ஆம் நாள் ஒரு சட்டத்தை நிறைவேற்றியது. அதன்படி சிலேசிய மாநிலம் தனிச் சட்டமன்றமும் தனிக் கருவூலமும் பெறும். வரிகளை மாநிலமே திரட்டி, ஒரு பங்கை மட்டும் நடுவணரசுக்குச் செலுத்தும். பள்ளிகளும் காவல்துறையும் உள்ளாட்சியும் மாநிலத்தின் பொறுப்பாகும். இவ்வுரிமைகளைச் சிலேசியச் சட்டமன்றத்தின் இசைவின்றிக் குறைக்கலாகாது என்பதே அச்சட்டத்தின் உயிர்நாடி.

1921 மார்ச் 20ஆம் நாள் நடந்த வாக்கெடுப்பில் ஏறத்தாழ 60 விழுக்காட்டினர் ஜெர்மனியை ஆதரித்தனர். ஆயினும், அடுத்துவந்த கிளர்ச்சியின் பின்னர் நிலம் இரண்டாகப் பிரிக்கப்பட்டது. 1922ஆம் ஆண்டு ஜூனில் கிழக்குப் பகுதி போலந்தின் வசமாயிற்று. கத்தோவிட்சே நகரைத் தலைநகராகக் கொண்டு, 48 உறுப்பினர்களுடன் சட்டமன்றம் கூடியது.

1926ஆம் ஆண்டு பில்சுட்ஸ்கி படைவலிமையால் ஆட்சியைக் கைப்பற்றிய பின்னர் காற்றுத் திசைமாறியது. அவ்வாண்டு மாநில ஆளுநராக அமர்த்தப்பட்ட மிகாவ் கிராசின்ஸ்கி, நடுவணரசின் கையை ஓங்கச் செய்தார். மன்றத்தில் அவரை எதிர்த்து நின்றவர் வோய்செக் கோர்ஃபான்டி. 1929இல் மன்றம் கலைக்கப்பட்டது. 1930 மே வரை தேர்தல் நடத்தப்படவில்லை. அவ்வாண்டே கோர்ஃபான்டி கைதாகிப் பிரெஸ்ட் கோட்டையில் அடைக்கப்பட்டார். சட்டம் நீக்கப்படவில்லை. அதன் உயிர் மட்டும் ஒடுங்கிற்று.

1939ஆம் ஆண்டு செப்டம்பரில் ஜெர்மானியப் படைகள் மாநிலத்தைக் கைப்பற்றின. போர் முடியும் தறுவாயில், 1945 மே 6ஆம் நாள், போலந்தின் புதிய ஆட்சிமன்றம் ஒரே சட்டத்தால் அத்தன்னாட்சியை நீக்கியது. இசைவு கேட்கச் சிலேசியச் சட்டமன்றம் அப்பொழுது இல்லை.

1999 முதல் போலந்தின் 16 மாநிலங்களிலும் மக்கள் தேர்ந்தெடுக்கும் மாநில மன்றங்கள் இயங்குகின்றன. எனினும், பழைய சிலேசியாவுக்கு இருந்த சட்டமியற்றும் அதிகாரம் அவற்றுக்கு இல்லை. அச்சட்டமன்றத்துக்கெனக் கத்தோவிட்சேயில் எழுப்பிய மாளிகை இன்றும் அரசு அலுவலகமாய் நிற்கின்றது. உரிமையை ஏட்டில் எழுதிவிட்டால் போதாது. அதனைக் காக்கும் மன்றமும் விழித்திருத்தல் வேண்டும் என்பதே அதன் வரலாறு உணர்த்தும் பாடம்.