பின்சீட்டுக்கு எப்போது பாட்டு வந்தது?

போன ஏப்ரல் விடுமுறையில் ஒன்றரை நாளை நாங்கள் ஒரு மாருதி 800 காரின் பின்கதவுகளோடு கழித்தோம். இடம் பெரகல. கொழும்பில் இருந்து வரும் ஏ4 வீதியில் இருந்து ஹப்புத்தளை, பண்டாரவளைப் பக்கம் போகும் ஏ16 பிரிகிற அதே சந்திதான். நேரே போனால் கொஸ்லந்த, வெல்லவாய. கார் எங்களில் ஒருத்தியின் மாமாவுடையது. மாமா ஹயர் ஓடுகிறவர். ஹப்புத்தளைக்குச் சாமான் வாங்க, பதுளைக்கு க்ளினிக் போக, கதிர்காமத்துக்கு நேர்த்திக்கு என்று அந்தக் கார் போகாத இடம் இல்லை.

பிரச்சினையைக் கிளப்பியது அம்மாயி. முந்தின வருஷம் அம்மாயியையும் அவருடைய வயதுக்காரர்கள் சிலரையும் உட்கார வைத்து, அவர்கள் கொழுந்து பறிக்கும்போது பாடின பாட்டுகள், தாலாட்டு, ஒப்பாரி எல்லாவற்றையும் ஃபோனில் பதிந்து வைத்திருந்தோம். அதை ஒருநாள் காரில் போட்டோம். முன்னால் இருந்த எங்களுக்கு நல்லாக் கேட்டது. பின்னால் இருந்த அம்மாயிக்கு எஞ்சின் இரைச்சல் மட்டும்தான். சத்தத்தைக் கூட்டினால் எங்கள் காது கிழிகிறது, அம்மாயிக்கு அப்பவும் விளங்கவில்லை. "பாடினது நாங்க, கேக்கிறது முன்னால இருக்கிறவங்களா?" என்று கேட்டார்.

பண்டாரவளையில் ஐந்து அங்குல ஸ்பீக்கர் ஒரு சோடி வாங்கினோம். கதவைக் கழற்றினோம். வரலாறு படிக்கிற பிள்ளைகள் கையில் ஸ்க்ரூட்ரைவர் கிடைத்தால் என்ன நடக்கும்? வேலையை விட்டுவிட்டுக் கேள்வி கேட்பார்கள். பின்சீட்டுக்கு எப்போது பாட்டு வந்தது? அதற்கு முன்னால், நம்ம தோட்டத்துக்கு எந்தச் சத்தம், யார் கையால் வந்தது?

முதலில் வந்தது கட்டளை

தோட்டத்தில் நாளைத் தொடக்கியது தப்பு. விடியும் முன்னரே தப்படித்து லயத்தை எழுப்புவார்கள். எழும்பி பெரட்டுக் களத்தில் போய் நிற்க வேண்டும். பெயர் கூப்பிட்டு, மலை பிரித்துக் கொடுப்பார்கள். சி.வி. வேலுப்பிள்ளையை வாசித்தவர்களுக்கு அந்த விடியற்காலைத் தப்பு ஞாபகம் இருக்கும். பிறகு பல தோட்டங்களில் தொழிற்சாலைச் சங்கு அந்த வேலையை எடுத்துக்கொண்டது.

அதே தப்புதான் காமன் கூத்திலும் அடித்தது, சாவு வீட்டிலும் அடித்தது. காலையில் துரையின் கட்டளையைச் சொன்ன தோல், இரவில் ரதியும் மன்மதனும் ஆட அடித்தது. சத்தம் உண்டாக்கும் சாமான் ஒன்றுதான். அதை யார் சொல்லி அடிக்கிறார்கள் என்பதில்தான் வித்தியாசம் இருந்தது. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், கட்டுரை முழுக்க இதுதான் திரும்பத் திரும்ப வரும்.

மலையில் பெண்கள் பாடின பாட்டு வேறு வகை. அதற்கு வாத்தியம் இல்லை, மேடை இல்லை, பாடியவர் பெயரும் இல்லை. வேலுப்பிள்ளை போன்றவர்கள் அவற்றைத் தேடி எழுதி வைத்ததால் சொற்கள் பிழைத்தன. ஆனால் எந்த இடத்தில் மூச்சு வாங்கினார்கள், எந்த எழுத்தை இழுத்தார்கள் என்பதைக் காகிதத்தில் எழுத முடியாது.

ஒலிபெருக்கியும் வானொலியும்

எங்கள் கையில் இருந்த ஐந்து அங்குல ஸ்பீக்கரின் கதையும் நூறு வருஷத்துக்கு மேல் பழையது. 1915இல் கலிஃபோர்னியாவில் பீட்டர் ஜென்சன், எட்வின் பிரிதாம் என்ற இருவர் 'மாக்னவொக்ஸ்' என்று பெயர் வைத்த ஒலிபெருக்கியைக் கூட்டத்துக்கு முன் காட்டினார்கள். 1919இல் சான் டியாகோவில் அமெரிக்க ஜனாதிபதி வுட்ரோ வில்சன் அப்படியான கருவி மூலம் பெருங்கூட்டத்தில் பேசினார். குழாய் இல்லாமல், காகிதக் கூம்பு ஒன்றைக் காந்தமும் கம்பிச்சுருளும் ஆட்டிச் சத்தம் தருகிற இன்றைய அமைப்பை செஸ்டர் ரைஸ், எட்வர்ட் கெலொக் என்ற பொறியியலாளர்கள் 1925இல் விளக்கி எழுதினார்கள். எங்கள் மாருதிக் கதவுக்குள் போனதும் அடிப்படையில் அதே சாமான்தான்.

அதே 1925 டிசம்பர் 16ஆம் திகதி கொழும்பில் முறையான வானொலி ஒலிபரப்பு ஆரம்பித்தது. முந்தின வருஷம்தான் பதுளைக்கு ரயில் வந்திருந்தது. ரயில் நம்ம ஆட்கள் பறித்த தேயிலையைக் கொழும்புக்குக் கொண்டு போனது. கொழும்பின் சத்தம் நம்ம லயத்துக்கு வர இன்னும் பல காலம் எடுத்தது. ஆரம்பகால வானொலிப் பெட்டியின் விலை அப்படி. அது பங்களாச் சாமான்.

1930இல் அமெரிக்காவில் போல் கல்வினின் கம்பனி காரில் பூட்டும் வானொலியை 'மோட்டரோலா' என்ற பெயரில் விற்கத் தொடங்கியது. 'மோட்டார்' என்ற சொல்லோடு ஒரு 'ஓலா'வை ஒட்டிய பெயர். ஸ்பீக்கர் ஒன்றே ஒன்று, அதுவும் முன்பக்கத்தில். காரில் பாட்டு என்றால் ஓட்டுகிறவருக்கும் பக்கத்தில் இருப்பவருக்கும் என்ற வழக்கம் தொடங்கினது அங்கேதான்.

1949இல் கொழும்பு நிலையம் 'ரேடியோ சிலோன்' ஆனது. 1952இல் இந்தியத் தகவல் அமைச்சராக வந்த பி.வி. கேஸ்கர் காலத்தில் அகில இந்திய வானொலி சினிமாப் பாட்டை ஒதுக்கியது. கொழும்பு அந்தப் பாட்டை எடுத்து ஒலிபரப்பியது. தமிழ்நாட்டு வீடுகள் எல்லாம் இலங்கைக்கு ட்யூன் பண்ணின. மயில்வாகனம், கே.எஸ். ராஜா, அப்துல் ஹமீத் என்று நம்ம நாட்டு அறிவிப்பாளர்களின் பெயர் அங்கே வீட்டுப் பெயர் ஆனது.

இதை எழுதும்போது எங்களுக்கு ஒரு விஷயம் குத்துகிறது. அதே ஆண்டுகளில்தான் 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நம்ம ஆட்கள் நாடற்றவர்கள் ஆக்கப்பட்டார்கள். 1964 ஒக்டோபரில் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம், 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று ஆட்களை எண்ணிப் பிரித்தது. பாட்டு பாஸ்போட் இல்லாமல் கடலைத் தாண்டிக் கொண்டிருந்தது. அதைக் கேட்டவர்கள் வரிசையில் நின்றார்கள். அம்மாயியின் அக்கா குடும்பம் அப்படித்தான் போனது. "அங்கயும் இதே பாட்டைத்தான் கேப்பாங்கன்னு நெனச்சிக்குவேன்" என்று அம்மாயி சொன்னார். இந்தப் பிரச்சினைக்குச் சட்டரீதியாக முடிவு கட்ட 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரைக்கும் ஆனது.

கெசட்டும் பஸ்சும்

லயத்துக்குள் சத்தத்தைக் கொண்டுவந்தது பற்றரியில் ஓடும் ட்ரான்சிஸ்டர். கரண்ட் இல்லாத காம்பிராவிலும் அது பாடும். அடுத்தது கெசட். பிலிப்ஸ் கம்பனி 1963இல் பெர்லின் கண்காட்சியில் காட்டிய சின்னப் பெட்டி அது. கெசட் செய்த பெரிய வேலை என்ன? வானொலி போடுவதை நாம் கேட்போம். கெசட்டில் நாம் போடுவதை நாமே கேட்கலாம், பதியவும் செய்யலாம். 1977க்குப் பிறகு இறக்குமதி திறந்துவிடப்பட்டது. மத்திய கிழக்குக்கு வீட்டு வேலைக்குப் போன அக்காமார் திரும்பி வரும்போது 'டூ இன் வன்' கொண்டு வந்தார்கள். ஒரு தோட்டத்துக்கு முதல் கெசட் ரெக்கோடர் பெரும்பாலும் ஒரு பெண்ணின் உழைப்பில் வந்தது என்பதை யாரும் எங்கேயும் எழுதி வைப்பதில்லை.

1958இல் அரசுடைமை ஆன பஸ் சேவையில் எழுபதுகளின் கடைசியில் தனியார் மறுபடி வந்தார்கள். தனியார் பஸ்சில் பாட்டு வந்தது. நம்ம ஆட்கள் வாகனத்தில் பின்னால் இருந்து பாட்டுக் கேட்டது முதலில் பஸ்சில்தான், காரில் இல்லை. பஸ்சின் கூரை நீளத்துக்கு ஸ்பீக்கர் பூட்டினார்கள், கடைசி சீட் வரைக்கும் இளையராஜா வந்தார். 1978இல் வந்த 'ப்ரியா' ஸ்டீரியோவில் பதிவான ஆரம்பத் தமிழ்ப் படங்களில் ஒன்று. இடது காதுக்கு ஒன்று, வலது காதுக்கு ஒன்று என்று பாட்டே இரண்டாகப் பிரிந்தபின் ஒரு ஸ்பீக்கர் போதாமல் போனது.

இதில் பெருமை மட்டும் இல்லை. அதே பஸ்சில் க்ளினிக்குக்குப் போகிற நோயாளியும், சோதனைக்குப் போகிற பிள்ளையும் காதைப் பொத்திக்கொண்டு வந்திருக்கிறார்கள். சத்தத்தைக் கேட்கும் உரிமையோடு கேட்காமல் இருக்கும் உரிமையும் உண்டு. 2007இல் உயர் நீதிமன்றம், விசேஷ விலக்குகள் தவிர, இரவு 10 மணியில் இருந்து காலை 6 மணி வரை ஒலிபெருக்கிக்கு அனுமதி இல்லை என்று சொன்னது. விடியற்காலைத் தப்படித்த காலத்தில் இப்படி ஒரு தீர்ப்பு வந்திருந்தால் துரைமார் என்ன செய்திருப்பார்கள் என்று எங்களுக்குள் பேசிச் சிரித்தோம்.

ஜப்பான் பேசும் கார்

அதற்குப் பிறகு ஜப்பானில் ஓடின கார்கள் வந்தன. ஸ்டார்ட் பண்ணினதும் ஒரு ஜப்பானியப் பெண் குரல் ஏதோ சொல்லும். அங்கத்தைய நெடுஞ்சாலைக் கட்டண அட்டையைச் செருகவில்லை என்கிறாள். பெரகலயில் எங்கே போய் அட்டை செருகுவது?

ரேடியோவில் இன்னொரு சிக்கல். ஜப்பானில் எஃப்.எம். என்றால் நீண்ட காலமாக 76 முதல் 90 மெகாஹெர்ட்ஸ். நமக்கு 88 முதல் 108. 1998இல் தொடங்கின சூரியன், சக்தி மாதிரித் தமிழ் எஃப்.எம்.கள் வந்தும் அந்த செட்டுகளில் பெரும்பாலான நிலையங்கள் பிடிக்காது. அதற்கு 'பேண்ட் எக்ஸ்பாண்டர்' என்று ஒரு சின்னப் பெட்டி பூட்டுவார்கள். அது அலைவரிசையை மொத்தமாகக் கீழே இறக்கும். 14 மெகாஹெர்ட்ஸ் இறக்கும் பெட்டி என்றால் 98இல் இருக்கும் நிலையம் 84இல் வரும். இன்னொருவர் தேவைக்குச் செய்த சாமானை நம்ம காதுக்கு வளைத்து எடுத்த கதைதான் இதுவும்.

2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்றது. தனியார் வாகனங்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் மறுபடி திறந்தார்கள். அந்த ஐந்து வருஷமும் இருக்கிற காரைத் திருத்தி ஓடுவதுதான் வழி. மாமாவின் மாருதி இன்னும் ஓடுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

கதவுக்குள்ளே

இனி வேலைக்கு வருவோம். செட்டை வெளியே இழுத்ததும் எங்களுக்கு ஆச்சரியம். பின்பக்க ஸ்பீக்கருக்கான பச்சை, ஊதா வயர்கள் யாரும் தொடாமல் சுருட்டி டேப் சுற்றி இருந்தன. வெள்ளையும் சாம்பலும் மட்டும் முன் ஸ்பீக்கருக்குப் போயிருந்தன. பின்சீட்டுக்கான பாட்டு இத்தனை வருஷமாக அந்தச் செட்டுக்குள்ளேயே இருந்திருக்கிறது. வயர் இழுக்க ஆள் இல்லை, அவ்வளவுதான்.

ஸ்பீக்கரை வெறுமனே கையில் பிடித்துப் பாட விட்டுப் பாருங்கள். கீச்சுக் குரல் வரும், அடித்தொனி வராது. கூம்பு முன்னால் தள்ளும்போது பின்னால் இழுக்கிறது. முன்னால் போகும் அலையும் பின்னால் போகும் அலையும் சுற்றி வந்து ஒன்றை ஒன்று தின்றுவிடும். நடுவில் ஒரு தடுப்புப் பலகை வேண்டும். அந்தப் பலகைக்கு ஆங்கிலப் பெயர்தான் 'பஃபல்'. நம்ம ஊரில் ஸ்பீக்கர்ப் பெட்டியையே பஃபல் என்கிறோமே, அந்தச் சொல் இங்கிருந்து வந்தது. காரில் கதவுதான் பஃபல். கதவு ஓட்டைகளை அடைக்காமல் விட்டால் எவ்வளவு விலைக்கு ஸ்பீக்கர் வாங்கினாலும் வீண்.

வெட்டுவதற்கு முன் கண்ணாடியை முழுசாக இறக்கிப் பார்த்தோம். காந்தம் கண்ணாடியில் முட்டும்போல் இருந்தது. ப்ளைவூட்டில் ஒரு வளையம் வெட்டி ஸ்பீக்கரை வெளியே தள்ளினோம். கதவுக்கும் தூணுக்கும் இடையில் வயர் போகும் துளைக்கு ரப்பர் வளையம் போட்டோம். இல்லாவிட்டால் தகரம் வயரைச் சீவிவிடும். பெரகல மழை தெரியும்தானே? கண்ணாடி வழியாகத் தண்ணீர் கதவுக்குள் இறங்கித்தான் அடியில் உள்ள துளையால் வெளியேறும். அதனால் காந்தத்துக்கு மேலே பழைய ட்யூப் ரப்பரில் ஒரு கூரை வைத்தோம்.

எல்லாம் முடித்துப் போட்டால் அடித்தொனி காணோம். ஒரு மணித்தியாலம் தேடினோம். ஒரு கதவில் கூட்டலும் கழித்தலும் மாறிப் போயிருந்தது. ஒரு கதவு தள்ளும்போது மற்றக் கதவு இழுத்தது. 1.5 வோல்ட் பற்றரியை வயரில் தொட்டு, கூம்பு வெளியே வருகிறதா உள்ளே போகிறதா என்று பார்த்துச் சரி பண்ணினோம்.

முதல் ஓட்டம்

அடுத்த வியாழன் அம்மாயிக்குப் பதுளையில் க்ளினிக். பெரகலயில் இருந்து ஹப்புத்தளைக்கு ஏறும்போது பதிவைப் போட்டோம். முதலில் அம்மாயி தன் குரலை அடையாளம் காணவில்லை. "யாருடி இது, இப்பிடி மூச்சு வாங்குறா?" என்றார். பிறகு சிரித்தார்.

மூன்றாவது பாட்டு அம்மாயியோடு ஒரே மலையில் முப்பது வருஷம் கொழுந்து எடுத்த சிநேகிதியுடையது. பதிந்து நான்கு மாதத்தில் அவர் போய்விட்டார். அந்தக் குரல் கதவில் இருந்து வந்ததும் அம்மாயி கதவுப் பக்கம் சாய்ந்து, ஸ்பீக்கர் மூடியில் கையை வைத்துக்கொண்டார். கூம்பு ஆடுவது கைக்குத் தெரியும். பாட்டு முடிகிற வரைக்கும் எடுக்கவில்லை. நாங்களும் திரும்பிப் பார்க்கவில்லை.

பாட்டு முடிந்ததும், "கொஞ்சம் கொறைங்க. பனி இறங்குது, எதிர்ல வாறவன் ஹோர்ன் கேக்கணும்" என்றார். மாமா குறைத்தார்.

அந்தப் பதிவில் இன்னும் ஐந்து பேர் பாடியிருக்கிறார்கள். இப்போது ஐந்து பென்டிரைவில் பிரதி எடுத்து ஐந்து வீட்டுக்கும் கொடுத்துவிட்டோம். உங்கள் வீட்டுப் பின்சீட்டில் இருப்பவருக்கு எந்தப் பாட்டு ஞாபகம் இருக்கிறது என்று இந்தக் கிழமையே ஒருக்கா கேட்டுப் பாருங்கள். கேட்கும்போது ஃபோனில் பதிவையும் போட்டு வையுங்கள்.