சைகைமொழி ஆய்வும் மொழிப்பேறும்: சித்தூர் – திருப்பதி எல்லைப்பகுதியை முன்வைத்து

முன்னுரை

மொழி என்பது ஒலியால் அமைவது என்னும் கருத்து தமிழிலக்கண மரபில் ஆழ வேரூன்றியது. உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் ஆகிய எட்டிடங்களைச் சார்ந்து எழுத்தொலியாவதைத் தொல்காப்பியப் பிறப்பியல் விளக்குகிறது. இவ்வெட்டனுள் கைக்கு இடமில்லை. ஆயினும் செவிப்புலன் இல்லாதோர் கையாலும் முகத்தாலும் முழுமையான மொழிகளை ஆக்கிப் பேணி வருகின்றனர் என்பதை 1960க்குப் பிற்பட்ட மொழியியல் நிறுவியுள்ளது. இந்தியாவில் அவ்வாய்வு வளர்ந்த வரலாற்றையும், குழந்தை சைகைமொழியைப் பெறும் வழியையும், தமிழும் தெலுங்கும் கலந்து வழங்கும் சித்தூர் – திருப்பதிப் பகுதியை முன்வைத்து இக்கட்டுரை ஆராய்கிறது.

சங்கப் பாடல்களில் ஊமன்

வாய்பேச இயலாதவரைச் சங்கப் புலவர்கள் கூர்ந்து நோக்கியுள்ளனர். வெள்ளிவீதியாரின் குறுந்தொகைப் பாடல் (58), வெயில் காயும் பாறையில் உருகும் வெண்ணெயைக் கையில்லாத ஊமன் கண்ணால் மட்டும் காத்திருக்கும் நிலையை உவமையாக்குகிறது. வெண்ணெயை எடுக்கவும் பிறரைக் குறிப்பால் அழைக்கவும் அவனுக்குக் கையில்லை எனக் கொள்ள இடமுண்டு. கூவன் மைந்தனின் பாடல் (224), கிணற்றில் வீழ்ந்த பசுவின் துயரை இரவில் கண்ட ஊமனைக் காட்டுகிறது. இரவின் இருளில் கைக்குறிப்பும் பயன்படாது. முன்னதில் கை இல்லை. பின்னதில் ஒளி இல்லை. இவ்விரண்டும் இருப்பின் ஊமன் தன் கருத்தைப் புலப்படுத்தியிருப்பான் என்னும் உணர்வு உவமைகளின் அடியில் நிற்கிறது எனலாம். பின்னைய பாடல் அவனுக்கு ‘உயர்திணை’ என்னும் அடை தந்திருப்பதும் கருதத்தக்கது.

ஆய்வின் தோற்றம்

1880இல் மிலான் நகரில் கூடிய காதுகேளாதோர் கல்வி மாநாடு, சைகையை விலக்கி வாய்மொழிப் பயிற்சியே சிறந்தது எனத் தீர்மானித்தது. இம்மாநாட்டுக்குப் பின்னரே இந்தியாவின் தொடக்கப் பள்ளிகள் பம்பாயிலும் (1885) கல்கத்தாவிலும் (1893) தோன்றின. எனவே வாய்மொழிப் பயிற்சியே இங்கும் கல்விநெறியாக நிலைத்தது. வகுப்பறையில் தடுக்கப்பட்ட சைகை, விடுதிகளிலும் விளையாட்டிடங்களிலும் மூத்த மாணவரிடமிருந்து இளைய மாணவருக்குக் கைமாறி வளர்ந்தது.

வில்லியம் ஸ்டோக்கி 1960இல் வெளியிட்ட நூல் அமெரிக்கச் சைகைமொழியைக் கைவடிவம், இடம், அசைவு என்னும் கூறுகளாகப் பகுத்தது. இவற்றுள் ஒன்று மாறினும் பொருள் மாறும் என அவர் காட்டினார். இடமும் முயற்சியும் கொண்டு எழுத்தின் பிறப்பை விளக்கிய தமிழ் மரபுக்கு இப்பகுப்பு அயலானதன்று. பிறப்பியல் கூறும் தலையும் நெஞ்சும் சைகைமொழியிலும் இடங்களாகின்றன. காற்றுக்குப் பதிலாகக் கை அவ்விடங்களைச் சார்கிறது.

இந்தியாவில் மதன் வசிஷ்டா, ஜேம்ஸ் வுட்வர்ட் முதலானோர் தில்லி, கல்கத்தா, பம்பாய், பெங்களூர் ஆகிய நகரங்களின் சைகைகளை ஒப்பிட்டு 1978இல் முடிவுகளை வெளியிட்டனர். சொற்கள் ஊருக்கு ஊர் வேறுபடினும் அவை நெருங்கிய உறவுடையவை என அவர்கள் கண்டனர். பதினொன்றாம் வயதில் செவிப்புலனை இழந்த வசிஷ்டாவே இவ்வாய்வில் முன்னின்றது குறிப்பிடத்தக்கது. கராச்சி, புதுதில்லி வழக்குகளை ஆராய்ந்த உல்ரிக்கே செஷான் 2000இல் வெளியிட்ட நூலில், நாட்டெல்லை கடந்தும் இலக்கணம் ஒன்றாயிருப்பதைக் காட்டினார். இம்மொழியில் வினாச்சொல் தொடரின் இறுதியில் நிற்கிறது. வாக்கிய அமைப்பு இந்தியையோ உருதுவையோ அப்படியே பின்பற்றுவதில்லை.

மொழிப்பேறு

காதுகேளாக் குழந்தைகளுள் நூற்றுக்குத் தொண்ணூறுக்கும் மேற்பட்டோர் செவிப்புலனுடைய பெற்றோர்க்குப் பிறக்கின்றனர். தாய்மொழி என்னும் சொல் இங்குப் பொருந்தாமற் போகிறது. தாயின் மொழி குழந்தையை எட்டுவதில்லை; குழந்தைக்கு உரிய மொழியைத் தாய் அறிவதில்லை. சைகைமொழி பேசும் பெற்றோரின் குழந்தைகள், பிற குழந்தைகள் ஒலியால் மழலை பேசும் பருவத்திலேயே கையால் மழலை பேசுவதை பெட்டிட்டோ, மாரென்டெட் ஆகியோர் 1991இல் காட்டினர். நிகராகுவாவில் 1977க்குப் பின் பள்ளிகளில் ஒன்றுகூடிய சிறுவர்கள் தத்தம் வீட்டுக் குறிப்புகளிலிருந்து புதிய மொழியையே உருவாக்கினர். பின்னர் வந்த இளஞ்சிறாரே அதன் இலக்கணத்தைச் செறிவாக்கினர். குழுவும் இளவயதும் சேரும்போது மொழி பிறக்கும் என்பது இதனால் புலனாகிறது.

இவ்வாய்ப்பைப் பிந்திப் பெற்றவரிடம் பல்லாண்டுப் பழக்கத்திற்குப் பின்னரும் குறை நீங்குவதில்லை என ரேச்சல் மேபெரியின் ஆய்வுகள் உணர்த்துகின்றன. இளமையில் சைகைமொழி பெற்றவர் பிற்காலத்தில் மற்றொரு மொழியையும் நன்கு கற்பர் என அவரும் பிறரும் 2002இல் வெளியிட்ட ஆய்வு தெரிவிக்கிறது. சைகை பழகினால் எழுத்தறிவு கெடும் என்னும் பழைய அச்சம் இதனால் வலுவிழக்கிறது.

எல்லைப்பகுதி

வடஆர்க்காடு, கடப்பை மாவட்டப் பகுதிகளைக் கொண்டு 1911இல் அமைந்தது சித்தூர் மாவட்டம். 1960இல் திருத்தணி தமிழகத்துடன் இணைந்தது. 2022இல் திருப்பதி தனிமாவட்டமாயிற்று. இவற்றுள் 1960இன் எல்லை பேச்சுமொழியை அளவுகோலாகக் கொண்டு வகுக்கப்பட்டது. சைகைமொழியின் எல்லை அவ்வாறு அமைவதில்லை. திருப்பதியில் திருமலை திருப்பதி தேவஸ்தானம் காதுகேளாதோர்க்கெனத் தனிப்பள்ளி நடத்துகிறது. நகரியில் தமிழ் வழங்கும் வீடொன்றில் பிறந்த காதுகேளாக் குழந்தை இத்தகைய பள்ளியை அடைந்தால், பாடநூலில் தெலுங்கையும் தோழரிடம் சைகையையும் எதிர்கொள்ளும். அதன் முதல்மொழி பெரும்பாலும் தோழரிடமிருந்தே கிடைக்கும். அதுவும் பள்ளி செல்லும் வயதில்தான் கிடைக்கும்.

கருநாடகத்தின் சிக்கபள்ளாபூர் மாவட்டத்து அலிப்பூர் இதற்கு மாறான நிலையைக் காட்டுகிறது. காதுகேளாதோர் ஏறத்தாழ 150 பேர் வாழும் அவ்வூரில் செவிப்புலனுடையோர் பலரும் சைகை அறிவர். அதனால் பிறப்பிலிருந்தே குழந்தையைச் சுற்றி மொழி நிலவுகிறது. சிபாஜி பாண்டாவின் 2012ஆம் ஆண்டு ஆய்வு இவ்வூர் மொழியை விவரிக்கிறது.

முடிவுரை

இந்தியச் சைகைமொழி ஆய்வு மற்றும் பயிற்சி மையம் 2015இல் நிறுவப்பட்டது. 2018இல் 3,000 சொற்களுடன் வெளிவந்த அதன் அகராதி 2021இல் 10,000 சொற்களை எட்டியது. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் சைகைமொழியையும் குறிப்பிட்டது. இவை பெரும் முன்னேற்றங்களே. எனினும் அகராதி பள்ளிக்கு உதவுமேயன்றித் தொட்டிலை எட்டாது. குழந்தைக்கு முதலில் வேண்டுவது சைகை பேசும் மனிதர். குறை கண்டறியப்பட்டவுடன் தாய்க்கும் சைகை பயிற்றுவதே மொழிப்பேற்றுக்கு வழியாகும். அப்பயிற்சியைத் தரத்தக்கவர் இப்பகுதியில் சைகைமொழி பேசி வாழும் மூத்தோரே. பொதுவழக்கு பரவிவரும் இக்காலத்தில் அவர்தம் வட்டார வழக்கைப் பதிவுசெய்வது எல்லைப்பகுதி மொழித்துறைகளின் கடமையாகும். பேச்சுத்தமிழின் வட்டார வழக்குகளைத் தொகுத்த துறைகளுக்கு இப்பணியின் முறைகள் புதியனவல்ல.